ஒன்பது கைநாட்டு

5 பிப்ரவரி 1997

கேஸ் போட்டாயிற்று! காலையில் வக்கீல் ஆபீசில் ஏழு தாளில் இடது கட்டைவிரலை உருட்டினேன். மசி இன்னும் போகவில்லை.

மனுதாரர் சன்னாசி, வயது எழுபத்து நான்கு. அது நான். எதிர்மனுதாரர் சவரிமுத்து. என் வீட்டு முன்னறையில் பதினான்கு வருடமாக லூர்து டெய்லர்ஸ் வைத்திருக்கிறவன். மாத வாடகை நானூறு. போன வருடம் பிப்ரவரியிலிருந்து அக்டோபர் வரை ஒன்பது மாதம் ஒரு பைசா தரவில்லை. வக்கீல் நோட்டீஸ் போன பிறகு நவம்பரிலிருந்து மணியார்டர் வருகிறது. எட்டடி தூரத்தில் உட்கார்ந்துகொண்டு எனக்கு மணியார்டர் அனுப்புகிறான்! போஸ்ட்மேனே சிரிக்கிறார். பழைய ஒன்பது மாதத்தைப் பற்றி மூச்சில்லை.

வக்கீல் குலசேகரன் சின்ன வயசுக்காரர். கெட்டிக்காரர் என்கிறார்கள். "பெரியவரே, வேணும்னே வாடகை தராம இருந்தான்னு நாமதான் காட்டணும். உங்க வாய்ச்சொல்தான் நமக்கு சாட்சி. தினம் நடக்கிறதை யாரையாவது வெச்சு எழுதி வைங்க. நாளைக்கு கோர்ட்ல மாத்திப் பேசிறக் கூடாது" என்றார்.

நான் மாற்றிப் பேசுவேனா? வெங்காயப் பேட்டையில் முப்பத்தெட்டு வருடம் தராசு பிடித்தவன். நாற்பது மூட்டையின் எடையை வரிசை மாறாமல் ஒப்பிப்பேன், கணக்குப்பிள்ளை அப்புறம்தான் எழுதுவார். எழுத்து தெரியாது, அவ்வளவுதான். எழுத்து தெரிந்தவர்களுக்கு எதுவும் நினைவிருப்பதில்லை.

எதிர்வீட்டு மெகருன்னிசா டீச்சர் ஸ்கூல் விட்டு வந்ததும் அரைமணி நேரம் எழுதித் தருவதாகச் சொல்லியிருக்கிறார். மண்டி முதலாளி பொங்கலுக்குக் கொடுத்த டைரி சும்மாதான் கிடந்தது. நான் சொல்வதைச் சீர்படுத்தி எழுதட்டும், யாராவது பேசினால் மட்டும் பேசினபடியே எழுத வேண்டும் என்று சொல்லியிருக்கிறேன்.

இன்னொன்றையும் எழுதுங்கள் டீச்சர். திருப்பூரில் இருக்கிற என் மகள் செல்வராணி பந்தயம் மாதிரி சொல்லியிருக்கிறாள்: "கேஸ்ல தோத்தீங்கன்னா வீட்டை வித்துட்டு எங்கூட வந்துரணும்பா. படிக்காத மனுசன் அங்க தனியாக் கெடந்து ஏமாந்தது போதும்." சரி என்று சொல்லிவிட்டேன். ஜெயிக்கப் போகிறவனுக்கு என்ன பயம்?

6 பிப்ரவரி

சவரிமுத்து தினமும் காலை எட்டு மணிக்குக் கடையில் பேப்பரைச் சத்தமாகப் படிப்பான். பதினான்கு வருடப் பழக்கம். முன்பு நான் கடைக்குள் ஸ்டூலில் உட்கார்ந்து கேட்பேன். இப்போது கேஸ் நடக்கிறது, அதனால் உள்கதவைச் சாத்திக்கொண்டு என் பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன். முன்னைவிடச் சத்தமாகப் படிக்கிறான். பெரிய தொந்தரவு. வைகை அணையில் நாற்பத்தொன்பது அடி தண்ணீர்.

19 பிப்ரவரி

கோர்ட்டுக்குப் போட்டுக்கொள்ள வெள்ளைச் சட்டைத் துணி இரண்டரை மீட்டர் வாங்கினேன். கையில் பையோடு வீட்டு வாசலுக்கு வந்த பிறகுதான் யோசனை வந்தது: யாரிடம் தைப்பது? எதிரியிடம் அளவு கொடுக்க முடியுமா? திரும்பி நடந்து பஸ் ஸ்டாண்டுப் பக்கம் ஒரு புதுப் பையன் கடையில் கொடுத்தேன். சவரி கத்தரியைக் கையில் பிடித்தபடி பையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

27 பிப்ரவரி

சட்டை வந்துவிட்டது. அக்குளில் பிடிக்கிறது. கையைத் தூக்காமல் சாட்சி சொல்லிவிடலாம்.

11 மார்ச்

முதல் வாய்தா! என்ன கூட்டம், என்ன கூட்டம்! மார்க்கெட்டில்கூட இப்படி நெரிசல் கிடையாது. டவாலி "சன்னாசி! சவரிமுத்து!" என்று கூப்பிட்டார். என் பேர் அந்தக் கட்டடம் முழுக்கக் கேட்டது. இரண்டு பேரும் ஒன்றாக உள்ளே நுழையப் பார்த்து வாசலில் இடித்துக்கொண்டோம்.

நடுவர் ஒரு அம்மா. முப்பத்தைந்து வயதுதான் இருக்கும், கண்ணாடி போட்டிருக்கிறார். "எதிர்மனு எப்போ?" என்று கேட்டார். சவரியின் வக்கீல் ஏப்ரல் இரண்டு என்றார். அதோடு சரி, வெளியே வந்துவிட்டோம். இதற்காக விடியக் காலையில் எழுந்து தலைக்குக் குளித்தேன். பரவாயில்லை, கோர்ட் கேன்டீனில் வடை நன்றாக இருக்கிறது.

பஸ்ஸில் ஒரே சீட்டுதான் காலியாக இருந்தது. சவரி நின்றுகொண்டே வந்தான்.

2 ஏப்ரல்

இன்று எழுத ஒன்றும் இல்லை.

3 ஏப்ரல்

இன்றும் இல்லை. டீச்சரைத் திருப்பி அனுப்பிவிட்டேன்.

4 ஏப்ரல்

டீச்சர் விடவில்லை. "ஐயா, நல்லது மட்டும் எழுதுறதுக்கா டைரி? என்ன நடந்துச்சு, சொல்லுங்க" என்கிறார். சொல்கிறேன்.

அன்றைக்கு சவரியின் வக்கீல் எதிர்மனுவோடு ஒன்பது ரசீதைத் தாக்கல் செய்தார். போன வருடம் பிப்ரவரி, மார்ச், ஏப்ரல் என்று அக்டோபர் வரை. ஒவ்வொன்றிலும் வாடகை ரூபாய் நானூறு பெற்றுக்கொண்டேன் என்று எழுதியிருக்கிறது. ஒவ்வொன்றின் அடியிலும் என் கைநாட்டு.

வக்கீல் என்னை வராந்தாவுக்கு இழுத்துக்கொண்டு போனார். "பெரியவரே, இது உங்க ரேகைதானா?" ஆமாம் என்றேன். "பணம் வாங்கினீங்களா?" இல்லை என்றேன். "அப்போ ரேகை எப்படி வந்துச்சு? வானத்துலேருந்து விழுந்துச்சா?" என்று கத்தினார். வழியில் போகிறவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். சொல்லாமலே வீட்டுக்கு வந்துவிட்டேன். தெரியாமல் இல்லை. எனக்குத் தெரியும்.

தொண்ணூற்றைந்து சித்திரையில் செல்வராணி திருப்பூரில் வீடு கட்டினாள். மணல், செங்கலுக்குக் காவலாக என்னைக் கூப்பிட்டாள். எத்தனை மாதம் ஆகும் என்று தெரியாது. சவரி அப்போது பேங்கில் தையல் மெஷினுக்கு லோன் கேட்டிருந்தான், மாதாமாதம் வாடகை ரசீது காட்ட வேண்டும். ரசீதை எப்போதும் அவன்தான் எழுதுவான், எனக்குப் படித்துக் காட்டுவான், நான் விரலை வைப்பேன். நான் ஊரில் இல்லாவிட்டால் அவன் என்ன செய்வான்? புறப்படுகிற அன்று அவன் கடை மேசையில் உட்கார்ந்து பன்னிரண்டு வெற்று ரசீதில் விரலை உருட்டிக் கொடுத்தேன். அவன்கூட, "எதுக்குங்கய்யா பன்னெண்டு? நாலு போதும்" என்றான். "வெச்சுக்கடா, கெடக்கட்டும்" என்றேன்.

மூன்று மாதத்தில் திரும்பிவிட்டேன். அந்த மூன்று மாத வாடகையை ஒழுங்காகக் கொடுத்தான். மீதி ஒன்பது தாள் அவனிடம் இருந்தது. எனக்கு மறக்கவில்லை டீச்சர். எனக்கு எதுவும் மறக்காது. திருப்பிக் கேட்கவில்லை, அவ்வளவுதான். கேட்டால் சந்தேகப்படுகிற மாதிரி இருக்கும் என்று விட்டுவிட்டேன்.

செல்வராணிக்கு இதை எழுத வேண்டாம்.

7 ஏப்ரல்

டீச்சர், வேகமாக எழுதுங்கள், இன்றைக்கு நிறைய இருக்கிறது!

காலையில் வக்கீல் ஆபீசுக்குப் போய்ப் பன்னிரண்டு வெற்று ரசீதையும் ஒப்புக்கொண்டேன். அவர் தலையில் கை வைத்துக்கொண்டார். "வெறுந்தாள்ல கைநாட்டு வெச்சுக் கொடுத்தேன்னு சொன்னா எந்த கோர்ட்டு நம்பும்? எல்லாரும் இதைத்தானே சொல்றான்!" பேசாமல் சமாதானமாகப் போய்விடலாமா என்றார். எனக்குத் திருப்பூர் வீட்டின் மாடி ரூம் கண்ணில் வந்து நின்றது. அந்த ரூமில் ஜன்னலைத் திறந்தால் பக்கத்து வீட்டுச் சுவர்தான் தெரியும்.

ரசீது நகல்களை மேசையில் பரப்பிப் பார்த்துக்கொண்டிருந்தேன். எழுத்துதான் எனக்குத் தெரியாது. என் விரல் எனக்குத் தெரியாதா? வெங்காயத்தைத் தொட்டு எந்த ஊர்ச் சரக்கு என்று சொன்ன விரல். பார்த்தேன். மறுபடி பார்த்தேன். எழுந்துவிட்டேன்.

"வக்கீல் சார், என் தழும்பு எங்க?"

"என்ன தழும்பு?"

இடது கட்டைவிரலை அவர் முகத்துக்கு நேராக நீட்டினேன். குறுக்கே ஐந்து தையல் போட்ட தழும்பு, ரேகையை இரண்டாக வெட்டிக்கொண்டு போகும். மனுவில் நான் உருட்டிய ரேகையில் வெள்ளைக் கோடாக விழுந்திருக்கிறது. அந்த ஒன்பது ரசீதில் ஒன்றில்கூட இல்லை. முழு ரேகை!

"எப்போ வெட்டுப்பட்டது?" வக்கீல் நாற்காலியிலிருந்து எழுந்துவிட்டார்.

"தொண்ணூத்தஞ்சு தீபாவளிக்கு முந்தின நாள். ஞாயித்துக்கிழமை, மத்தியானம் ரெண்டரை மணி."

"ரசீது எல்லாம் தொண்ணூத்தாறு!" என்று மேசையைத் தட்டினார். டம்ளர் கவிழ்ந்து அவர் குமாஸ்தாவின் வேட்டியெல்லாம் டீ. யாரும் கவலைப்படவில்லை. வக்கீல் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். வக்கீல் கையை நான் குலுக்குவது இதுதான் முதல் தடவை.

"ஆஸ்பத்திரிச் சீட்டு இருக்கா?" என்று கேட்டார். இல்லை. "யார் கூட்டிட்டுப் போனது?"

நடந்ததைச் சொன்னேன். அவர் வெகுநேரம் பேனாவைக் கடித்துக்கொண்டிருந்தார். பிறகு, "இதை நீங்களா சொல்லாதீங்க. கேட்டா மட்டும் சொல்லுங்க" என்றார். டீச்சரும் கேட்கிறார். ஆட்டோவில் போனேன், போதும்.

16 மே

கோர்ட்டுக்கு லீவு. எனக்குத்தான் பொழுது போகவில்லை. தண்ணீர்த் தொட்டியைக் கழுவினேன். முருங்கைக் கிளையை வெட்டினேன். செல்வராணி இரண்டு நாள் வந்து இருந்துவிட்டுப் போனாள். மாடி ரூமுக்கு ஃபேன் போட்டிருக்கிறாளாம். யாருக்கு என்று கேட்டேன். சிரித்தாள்.

சவரி கடையில் இப்போது மெஷின் சத்தம் அவ்வளவாக இல்லை. மூன்று மெஷினில் இரண்டுக்குத் துணி போட்டு மூடியிருக்கிறது. எல்லோரும் ரெடிமேடுக்குப் போய்விட்டார்கள் என்று அவன் பெண்டாட்டி குழாயடியில் சொல்லிக்கொண்டிருந்தாள். என்னிடம் சொல்லவில்லை, காதில் விழுந்தது.

இன்றைய பேப்பரில் ராசிபலன் படித்தான். அவன் ராசிபலன் படிக்கிறவன் இல்லை. எனக்குத்தான் அது பிடிக்கும். எனக்குத் தனவரவு என்று போட்டிருக்கிறது.

18 ஜூன்

இன்று நான் கூண்டில் ஏறினேன்!

வராந்தாவில் காத்திருந்தபோது சவரி தூணுக்கு அந்தப் பக்கம் நின்றான். ஆறு மாதத்தில் முதல் தடவையாக வாயைத் திறந்தான், அதுவும் என் முகத்தைப் பார்க்காமல், சட்டையைப் பார்த்து. "அக்குள்ல ஒரு இஞ்ச் விட்டிருக்கணும். எவன்யா இதை வெட்டினவன்?"

"உனக்கென்ன? கேஸைப் பாரு."

"கேஸு கெடக்கு. கையைத் தூக்கினா கிழியும், சொல்லிப்புட்டேன்."

கிழியட்டும் என்றேன். அதற்குள் பேர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டார்கள்.

சவரியின் வக்கீல் நரைத்த மீசைக்காரர், குரலே கோர்ட்டை நிறைக்கும். என்னைக் குழப்பிவிடலாம் என்று வந்தார்.

"எழுதப் படிக்கத் தெரியாது. கணக்கு நோட்டு கிடையாது. எந்த மாசம் வாடகை வந்துச்சு, வரலைன்னு எப்படிச் சொல்றீங்க?"

"கேளுங்கய்யா, சொல்றேன்."

"எண்பத்தொம்பது ஆகஸ்டு?"

"அஞ்சாம் தேதி, சனிக்கிழமை. முந்நூறு ரூவா வாடகை அப்போ. இருநூத்தம்பதுதான் கொடுத்தாரு, மவளுக்கு ஸ்கூல் பீஸுன்னாரு. மீதி அம்பதை பன்னெண்டாம் தேதி கொடுத்தாரு. அன்னைக்கு மழை."

கோர்ட் சிரித்தது. நடுவரம்மா கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். மீசைக்காரர் சவரியைத் திரும்பிப் பார்த்தார். அவன் தன்னையறியாமல் தலையை ஆட்டிக்கொண்டிருந்தான், ஆமாம் என்று!

அப்புறம் தழும்புக்கு வந்தார். ஆஸ்பத்திரிச் சீட்டு உண்டா? இல்லை. பார்த்த டாக்டர் பேர்? தெரியாது. "அப்படின்னா இந்தக் காயம் ரசீதெல்லாம் கொடுத்து முடிச்ச பிறகு, போன வருஷக் கடைசியில பட்டது. வழக்குக்காகத் தேதியை முன்னாடி தள்ளிச் சொல்றீங்க."

"தப்புங்கய்யா."

அவ்வளவுதான். யார் கூட்டிக்கொண்டு போனது என்று அவர் கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. கூண்டிலிருந்து இறங்கும்போது அக்குளில் இரண்டு அங்குலம் கிழிந்திருந்தது.

"தேதி நிக்கணும் பெரியவரே. அது நின்னா நாம ஜெயிச்சோம், இல்லாட்டி தோத்தோம்" என்கிறார் வக்கீல். என் நினைவு ஒரு பக்கம், என் கைநாட்டே மறு பக்கம். இரண்டும் என்னுடையதுதான். எதை நம்புவார்கள்?

8 ஜூலை

நாளை சவரியை விசாரிக்கிறார்கள். சாப்பாடு இறங்கவில்லை. சந்தோஷத்தில்தான்.

9 ஜூலை

டீச்சர் பேனாவுக்கு மை போட்டுக்கொண்டு வந்துவிட்டார். முழுக்கச் சொல்கிறேன்.

சவரி பைபிள் மேல் கை வைத்துச் சத்தியம் செய்தான். வாடகை கொடுத்தேன், ரசீது வாங்கினேன் என்று அவன் வக்கீல் கேட்டதற்கெல்லாம் சொன்னான். குரல் மட்டும் பேப்பர் படிக்கிற குரல் இல்லை. பள்ளிப் பிள்ளை ஒப்பிப்பது மாதிரி இருந்தது.

பிறகு எங்கள் வக்கீல் எழுந்தார். ரசீதைப் பற்றி ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. நான் பதறிப்போனேன். மெதுவாக, ரொம்ப மரியாதையாக ஆரம்பித்தார்.

"பெரியவரும் நீங்களும் முன்னாடி நல்லாப் பழகினவங்கதானே?"

"ஆமாங்க."

"ஆனா ஒரு ஆபத்துன்னு வந்தப்போ நீங்க அவருக்கு உதவலை."

"யார் சொன்னா?"

"உங்க கடையிலதான் அவர் விரல் வெட்டுப்பட்டுச்சு. துணியெல்லாம் ரத்தமாயிரும்னு அவரைத் தெருவுல உக்கார வெச்சிட்டு நீங்க பாட்டுக்குத் தச்சுக்கிட்டு இருந்தீங்க. ரோட்டுல போறவங்கதான் அவரை ஆஸ்பத்திரிக்குக் கூட்டிட்டுப் போனாங்க. சரியா?"

நான் இப்படிச் சொல்லவே இல்லை! எழுந்திருக்கப் போனேன், குமாஸ்தா வேட்டியைப் பிடித்து இழுத்து உட்கார வைத்தார்.

சவரியின் முகம் செங்கல் நிறத்துக்கு வந்துவிட்டது. அவன் வக்கீல் எழுந்து ஏதோ ஆட்சேபம் சொன்னார். சவரி காதில் வாங்கவில்லை.

"எந்த நாக்கு சார் அப்படிச் சொல்லுச்சு? அவரைக் கேளுங்க! அவர் சொல்லட்டும்! பெரிய கத்தரி மேசையிலேருந்து விழுந்துச்சு, என் கால்ல விழுந்துருமேன்னு அவர் கையை நீட்டிப் பிடிச்சாரு. ரத்தம் பீச்சிருச்சு. நான்தான் சார் தூக்கினேன்! ரெண்டு கையிலயும் ஏந்தித் தூக்கிட்டுப் போய் ஆட்டோவுல போட்டேன். தீபாவளிக்கு முந்தின நாள் சார்! கடையில ஆள் நிக்க இடமில்ல. டெலிவரிக்கு நாப்பத்திரண்டு உருப்படி நிக்குது. எல்லாத்தையும் போட்டுட்டு, கடையைத் திறந்த மேனிக்கு விட்டுட்டு ஓடினேன். பொழுது இறங்கிற வரைக்கும் ஆஸ்பத்திரியில நான்தான் பக்கத்துல நின்னேன். மறுநாள் ஒருத்தனுக்கும் புதுத்துணி இல்ல. வாசல்ல வந்து மண்ணை வாரித் தூத்திட்டுப் போனாங்க. அன்னைக்குப் போன நாப்பத்திரண்டு பேரும் திரும்பி வரலை சார்!"

"நாப்பத்தொண்ணு" என்றேன்.

நான் சொல்ல நினைக்கவில்லை. வந்துவிட்டது. கோர்ட் முழுக்க என்னைத் திரும்பிப் பார்த்தது.

"மிலிட்டரிக்காரர் பேன்ட்டைக் காலையிலேயே வாங்கிட்டுப் போயிட்டாருல்ல? மீதி நாப்பத்தொண்ணு."

சவரி என்னைப் பார்த்தான். விரல்விட்டு எண்ணிப் பார்த்தான். "ஆமாங்கய்யா. நாப்பத்தொண்ணுதான்" என்றான்.

"பெரியவரே, நீங்க பேசக் கூடாது" என்றார் நடுவரம்மா. ஆனால் கோபமாகச் சொல்லவில்லை. பிறகு சவரியிடம் திரும்பினார். "எந்த வருஷ தீபாவளி?"

"தொண்ணூத்தஞ்சுங்கம்மா. எம் மவ வயசுக்கு வந்த வருசம், நல்லா..."

அங்கே நின்றுவிட்டான். நூல் ஊசியில் நுழையாதபோது கையை அப்படியே நிறுத்துவானே, அந்த மாதிரி. அவன் வக்கீல் கண்ணை மூடிக்கொண்டார். எங்கள் வக்கீல் "வேற கேள்வி இல்லைம்மா" என்று உட்கார்ந்துவிட்டார்.

நடுவரம்மா லென்ஸ் கேட்டு வாங்கினார். என்னை மேடைக்குப் பக்கத்தில் கூப்பிட்டு விரலைப் பார்த்தார். ஒன்பது ரசீதையும் ஒவ்வொன்றாகப் பார்த்தார். ஒவ்வொன்றையும் கீழே வைக்கிற சத்தம் கேட்டது.

வெளியே வந்ததும் வக்கீல் எனக்கு இரண்டு வடை வாங்கிக் கொடுத்தார். "ஜெயிச்சாச்சு பெரியவரே! நான் பொய் சொன்னாத்தான் அவன் உண்மையைச் சொல்லுவான்னு தெரியும்" என்று சிரித்தார். நானும் சிரித்தேன். ஜெயித்தால் சிரிக்க வேண்டாமா? ஒரு வடையை அப்படியே வைத்துவிட்டேன், எண்ணெய் சரியில்லை.

ஆஸ்பத்திரியில் தையல் போடும்போது நான் கத்தாமல் இருக்க அவன் அன்றைய பேப்பரில் பட்டாசு விலையைப் படித்துக் காட்டிக்கொண்டிருந்தான். இதையும் எழுதிக்கொள்ளுங்கள். கோர்ட்டில் யாரும் கேட்கவில்லை.

10 ஜூலை

எட்டு மணிக்குப் பேப்பர் வந்தது. சத்தம் வரவில்லை.

11 ஜூலை

இல்லை.

27 ஆகஸ்ட்

ஜெயித்துவிட்டேன்! ஜெயித்துவிட்டேன்!

தீர்ப்பு முழுக்க இங்கிலீஷ். வக்கீலை ஒரு வரி மட்டும் தமிழில் சொல்லச் சொல்லி அங்கேயே மனப்பாடம் செய்துகொண்டேன்: 'மனுதாரர் எழுதப் படிக்கத் தெரியாதவர் என்றாலும் அவருடைய நினைவாற்றல் அசாதாரணமானது, அவர் சாட்சியம் முழுமையாக நம்பத்தக்கது.' பஸ்ஸில் கண்டக்டரிடம் சொன்னேன். பேட்டையில் மண்டி முதலாளியிடம் சொன்னேன். பி.சி.ஓ.வில் போன் போட்டுச் செல்வராணியிடம் சொன்னேன். "சரிப்பா, மாடி ரூம் ஃபேனை நாங்களே வெச்சுக்கிறோம்" என்றாள்.

ஒன்பது மாதமும் வேண்டுமென்றே வாடகை தரவில்லை என்று முடிவு. இரண்டு மாதத்தில் காலி செய்ய வேண்டும். பாக்கி மூவாயிரத்து அறுநூறுக்குத் தனியாக சிவில் கேஸ் போடலாமாம். சவரி அப்பீல் போகப் போவதில்லை என்று அவன் வக்கீல் சொன்னார்.

தீர்ப்பு வாசிக்கும்போது சவரி வரவில்லை.

வேண்டுமென்றே என்ற வார்த்தையை வக்கீல் மூன்று தடவை சொன்னார். தொண்ணூற்றாறு பொங்கலுக்கு அவன் கடையில் மொத்தம் ஆறு சட்டைதான் தைத்தான். இதை நான் எண்ணிவைத்திருந்தது யாருக்கும் தெரியாது.

16 செப்டம்பர்

கொடியில் காயப்போட்டிருந்த வெள்ளைச் சட்டையைக் காணவில்லை. தெருவில் திருட்டு பெருத்துவிட்டது.

17 செப்டம்பர்

சட்டை கொடியில் கிடந்தது. போட்டுப் பார்த்தேன். கிழிசல் இல்லை. கையை மேலே தூக்கினேன், முன்னே நீட்டினேன், பின்னால் கொண்டுபோனேன். எங்கேயும் பிடிக்கவில்லை.

27 அக்டோபர்

தீபாவளிக்கு மூன்று நாள். சவரி காலி செய்தான்.

திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் வேலை கிடைத்திருக்கிறதாம். குடும்பத்தோடு போகிறான். மூன்று மெஷினையும் டெம்போவில் ஏற்றினார்கள். லூர்து டெய்லர்ஸ் போர்டைக் கழற்றினபோது சுவரில் அந்த அளவுக்கு மட்டும் பழைய சுண்ணாம்பு பளிச்சென்று இருந்தது. தெருவே கூடி நின்றது. டீச்சரும் லீவு போட்டுவிட்டு வந்திருந்தார், சண்டை வந்தால் தடுப்பதற்கு என்றார்.

சாவியைக் கொடுக்க அவன் உள்ளே வந்தான். "ரெண்டு சாவி. ஃபேன் சுத்துது, பாத்துக்கங்க" என்றான். நான் போய் ஃபேனைப் போட்டுப் பார்த்தேன், சுற்றியது. திரும்பி வந்தபோது பில் புக்கில் கார்பன் வைத்து எழுதி முடித்திருந்தான். "சாவி வாங்கினதுக்கு ஒரு ரசீது வேணும்ங்கய்யா. வக்கீல் சொன்னாரு."

எல்லோரும் என்னையே பார்த்தார்கள். டீச்சர் கையை நீட்டினார். "கொடுங்க, நான் படிச்சுப் பாக்குறேன்."

சவரியும் அவசரமாக, "ஆமா, டீச்சரே படிக்கட்டும்" என்றான். முகத்தைக் கீழே போட்டுக்கொண்டான்.

"வேணாம்" என்றேன். "நீயே படி."

அவன் தாளை டீச்சர் பக்கம் நீட்டினான்.

"படிடா. எட்டு மணிக்குப் படிப்பியே, அந்த மாதிரி."

தாளை நிமிர்த்திப் பிடித்துக்கொண்டான். தெருக்கோடி வரைக்கும் கேட்கிற மாதிரி படித்தான்: "கதவு எண் பதினேழு, முன்னறைச் சாவி இரண்டும், மின்விசிறி ஒன்றும், தையல்காரர் சவரிமுத்துவிடமிருந்து இன்று நல்ல நிலையில் பெற்றுக்கொண்டேன்." முடித்துவிட்டு இன்னும் கொஞ்ச நேரம் தாளையே பார்த்துக்கொண்டு நின்றான். "அவ்வளவுதாங்கய்யா."

மசிப்பெட்டியை நீட்டினான். அவன் மேசை போய்விட்டது, அதனால் ஜன்னல் கட்டையில் வைத்து இரண்டு தாளிலும் உருட்டினேன். தழும்பு நன்றாக விழுந்தது. மேல் தாளை அவன் எடுத்துக்கொண்டான், கார்பன் நகலை மடித்து என் வெள்ளைச் சட்டையின் பையில் வைத்தான். வைக்கும்போது தோள் தையலை ஒரு தடவை நீவிப் பார்த்தான்.

"சரியா இருக்கு" என்றான்.

டெம்போ போய்விட்டது.

28 அக்டோபர்

எட்டு மணிக்குப் பேப்பர்க்காரப் பெண் அவன் கதவில் பேப்பரை வீசிவிட்டுப் போனாள். நிறுத்தச் சொல்ல மறந்திருக்கிறான். எடுத்து வைத்திருக்கிறேன்.

சாயங்காலம் டீச்சர் வந்ததும் சட்டைப்பையிலிருந்த ரசீதைக் கொடுத்தேன், டைரியில் ஒட்டிவைக்கட்டும் என்று. அவர் வாங்கி மனசுக்குள் படித்தார். முகம் மாறியது.

"ஐயா, இதுல அவர் படிக்காத ஒண்ணு இருக்கு."

"என்ன?"

"மேல இருக்கிறது கார்பன் எழுத்து. கீழ பேனாவால எழுதியிருக்காரு. உங்க தாள்ல மட்டும்."

படிக்கச் சொன்னேன். படித்தார்: '1996 பிப்ரவரி முதல் அக்டோபர் முடிய ஒன்பது மாத வாடகை ரூ. 3,600 நான் அய்யாவுக்குத் தரவில்லை. அவர் என்னை நம்பிக் கொடுத்த வெறும் ரசீதில் நானே எழுதிக்கொண்டேன். இப்படிக்கு, சவரிமுத்து.'

அவனுடைய கையெழுத்து எப்படி இருக்கும் என்று கேட்டேன். டீச்சர் காட்டினார். கோணலாக, கீழே ஒரு கோடு இழுத்து இருந்தது. கொஞ்ச நேரம் பார்த்தேன்.

இதை வைத்து சிவில் கேஸ் போட்டால் பாக்கி முழுக்க வந்துவிடும், வக்கீலிடம் கொடுக்கலாமா என்று டீச்சர் கேட்டார். இன்னொரு தடவை படியுங்கள் என்றேன். படித்தார். முதல் தடவையிலேயே எனக்கு மனப்பாடமாகிவிட்டது, ஆனாலும் மூன்றாவது தடவையும் படிக்கச் சொன்னேன். டீச்சருக்கு மெல்லிய குரல். அதை ஒதுக்கிவிட்டு, கண்ணை மூடிக்கொண்டு, அதே வார்த்தைகளை அவன் பேப்பர் படிக்கிற குரலில் கேட்டுக்கொண்டிருந்தேன்.